ஏழாம் சருக்கத்தின் ஆங்கிலம்

யோகராணி இருபத்திரண்டு வருடங்களாக மெல்பேர்னில் மொழிபெயர்ப்பாளராக இருந்தார். எழுத்தில் அல்ல, வாயால். மருத்துவமனையில் டொக்டர் புற்றுநோய் என்று சொன்னால் அதை நோயாளிக்குத் தமிழில் சொல்வது அவர். அகதி விசாரணையில் ஒருவர் தனக்கு நடந்த சித்திரவதையைச் சொன்னால் அதை ஆங்கிலத்தில் சொல்வதும் அவர். கூட்டக்கூடாது, குறைக்கக்கூடாது என்பது அந்தத் தொழிலின் விதி. அம்மாவிடம் இன்னும் மூன்று மாதம்தான் என்று சொல்லிவிடாதேயுங்கோ என்று பிள்ளைகள் அவருடைய கையைப் பிடித்துக் கெஞ்சியிருக்கிறார்கள். அவர் குரலைத் தாழ்த்திக்கொள்வார். ஆனால் மூன்று மாதம் என்றுதான் சொல்வார்.

மெல்பேர்னின் விளிம்பில், கிரான்பர்னுக்கு வெளியே, முன்பு குதிரைப் பண்ணையாக இருந்த நிலத்தில் வேலப்பர் கோவில் இருக்கிறது. வட இலங்கையில் கூவில்வெளி என்ற ஊரின் கோவிலைப் பார்த்து அந்த ஊர்க்காரர் கட்டியது. கூவில்வெளிக் கோவிலுக்கு ஒரு தலபுராணம் உண்டு. வருடந்தோறும் கொடியேற்றத்துக்கு முன் வருகிற பத்து நாளும், நாளுக்கு ஒரு சருக்கமாக, அதைப் படிப்பார்கள். ஒருவர் பாட்டை இராகத்தோடு வாசிக்க, மற்றவர் பயன், அதாவது பாட்டின் பொருள், சொல்வார். பிள்ளைகள் பின்னால் இருந்து போனைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

அதனால்தான் கோவில் தலைவர் சச்சிதானந்தன் யோகராணியிடம் வந்தார். இளைப்பாறிய பொறியியலாளர், மரியாதையாகப் பேசுகிறவர். புராணம் முழுவதையும் ஆங்கிலத்தில் புத்தகமாகப் போட வேண்டும், இனிமேல் படிப்பு நாட்களில் பயனை ஆங்கிலத்திலும் சொல்ல வேண்டும் என்றார். இந்தத் திட்டத்தை முன்வைத்தவன் நிர்வாக சபையின் புதிய செயலாளர் சுபாங்கன். முப்பத்துநாலு வயது வக்கீல், யோகராணியை அன்ரி என்று கூப்பிட்டு வளர்ந்தவன். கோவில் மாறாவிட்டால் தன் தலைமுறை உள்ளே வராது என்று மேடை மேடையாகப் பேசிக்கொண்டிருந்தான். பெண்களைச் சபைக்குள் எடுத்ததும் அவன் முயற்சிதான். யோகராணி சந்தோசமாக ஒத்துக்கொண்டார். கணவர் சிறி மாரடைப்பில் இறந்து மூன்று வருடமாகியிருந்தது. வேலை இல்லாத நாட்களில் வீட்டில் என்ன செய்வதென்று தெரியாமல் இருந்தவருக்கு அது ஒரு பிடிப்பாக இருந்தது.

ஆறு சருக்கம் நன்றாகப் போனது. ஏழாவதில் பத்தொன்பது பாட்டுகள். பயன் சொல்பவர் அவற்றை வழக்கமாக இரண்டு வசனத்தில் கடந்துவிடுவார்: தகாத ஒருவன் தொட்டதால் தேர் நின்றது, பிறகு ஓடியது. யோகராணியும் அவ்வளவோடுதான் கேட்டு வைத்திருந்தார். இப்போது பதம் பிரித்துப் பார்த்தபோதுதான் முழுவதும் தெரிந்தது. அந்தத் தகாதவனுக்குப் புலவர் சாதிப் பெயர் சொல்லியிருந்தார். அவன் பக்தி மிகுதியால் கூட்டத்துக்குள் ஒளிந்து வந்து தேர் வடத்தைப் பிடிக்கிறான். தேர் அசையவில்லை. அவனுடைய இரண்டு கையும் முழங்கை வரை கருகி விழுகின்றன. ஆயிரத்தெட்டுக் குடம் தண்ணீர் விட்டு வீதியைக் கழுவுகிறார்கள். கடைசிப் பாட்டில் அவன், குற்றம் செய்த கையை எடுத்துக்கொண்டாய், உன் கருணை பெரிது என்று சாமிக்கு நன்றி சொல்கிறான்.

சிறியின் சாதி அதுதான்.

எண்பத்தைந்தில் வீட்டை விட்டுப் போய் அவரைக் கட்டியவர் யோகராணி. பெற்றவர்கள் சாகும்வரை அவரோடு பேசவில்லை. மெல்பேர்னுக்கு வந்த பிறகு இரண்டு பேரும் அந்தப் பேச்சையே எடுத்ததில்லை. மகன் கஜீவனுக்கும் சொல்லவில்லை. சிறி வேலப்பர் கோவிலில் பன்னிரண்டு வருடம் அன்னதானத்துக்கு மரக்கறி வெட்டினார். தேர்த்திருவிழாவில் ஒருமுறைகூட அவர் வடம் பிடித்ததில்லை. முழங்கால் நோகுது என்பார். ஏழாம் சருக்கம் படிக்கிற நாளில் இடையில் எழுந்து அண்டா கழுவப் போய்விடுவார். அவர் கூவில்வெளியில் பிறந்தவர், அந்தப் படிப்பைச் சிறு வயதிலிருந்து கோவில் வேலிக்கு வெளியே நின்று கேட்டவர் என்பது யோகராணிக்குத் தெரிந்துதான் இருந்தது. இரண்டையும் சேர்த்துப் பார்க்க அவருக்கு ஒருநாளும் தோன்றவில்லை.

அன்று முழுவதும் அவர் ஒரு வரிகூட எழுதவில்லை. அடுத்த நாள் பத்தொன்பது பாட்டையும் உள்ளபடி ஆங்கிலத்தில் எழுதினார். சாதிப் பெயரை அப்படியே விட்டார். பத்துச் சருக்கமும் முடித்து அனுப்பினார்.

இரண்டு கிழமையில் கோவில் அலுவலகத்துக்குக் கூப்பிட்டார்கள். சச்சிதானந்தனும் சுபாங்கனும் இருந்தார்கள். பேசியவன் சுபாங்கன், ஆங்கிலத்தில். இது நாங்கள் இல்லை என்றான். இந்த நாட்டில் சாதிப் பாகுபாட்டுக்கு எதிராகச் சட்டம் கேட்கிறவர்கள் இந்தப் பக்கத்தைத் தூக்கிக்கொண்டு ஓடுவார்கள், பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளைக் கேலி செய்வார்கள் என்றான். அந்த இடத்தில் 'மனம் தூய்மையில்லாத ஒருவன்' என்று போட்டால் போதும், கை விழுகிற பாட்டுகளை விட்டுவிடலாம் என்றான். சமயம் திருந்துவது இப்படித்தான் என்று அவன் உண்மையாகவே நம்பினான்.

யோகராணி சச்சிதானந்தனைப் பார்த்துத்தான் கேட்டார்.

"இங்கிலீஷில எடுக்கிறதெண்டால் எடுங்கோ. தமிழிலயும் எடுப்பியளோ? இனிமேல் அந்தச் சருக்கம் படிக்கிறேல்லை எண்டு முடிவெடுங்கோ. நானே வெட்டித் தாறன்."

"புராணத்தில கைவைக்க நாங்கள் ஆர், தங்கச்சி? அது தொண்டுதொட்டு வாறது."

"அப்ப இங்கிலீஷில மட்டும் கைவைக்கலாமோ?"

சுபாங்கன், தமிழை இப்போது தொட்டால் பழைய ஆட்கள் கோவிலை இரண்டாக உடைப்பார்கள், படிப்படியாகச் செய்யலாம் என்றான். யோகராணி, இரண்டிலும் எடுங்கள், அல்லது இரண்டிலும் வையுங்கள், இல்லாவிட்டால் என் பெயர் வேண்டாம் என்று சொல்லிவிட்டு எழுந்தார்.

சச்சிதானந்தன், யோகராணியின் கார் நிற்கிற இடம் வரை கூடவே வந்தார். கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு, குரலை உயர்த்தாமல் சொன்னார்.

"சிறி இஞ்ச பன்னிரண்டு வருஷம் மரக்கறி வெட்டினவர். அவர் ஆர் எண்டு எங்களுக்கு முதல் நாளே தெரியும். ஒருத்தரும் ஒண்டும் கேக்கேல்லை. அதையும் நீங்கள் யோசிக்கவேணும்."

கார் ஓடும்போதுதான் யோகராணிக்கு ஒவ்வொன்றாக விளங்கியது. சிறி மரக்கறி வெட்டியது மடைப்பள்ளிக்குள் அல்ல, வெளியே தகரக் கொட்டகையில். அடுப்படிக்கு அவரை ஒருநாளும் விட்டதில்லை. கொட்டகையில் காற்று நல்லது என்று சொல்லி முதல் வருடமே ஒரு கதிரையும் மேசையும் போட்டுக் கொடுத்திருந்தார்கள். சிறி அதை அன்பு என்று நினைத்தாரா, தெரிந்தே இருந்தாரா என்று கேட்க இனி ஆள் இல்லை.

மூன்று மாதத்தில் புத்தகம் வந்தது. அட்டையில் யோகராணியின் பெயர் இருந்தது. ஏழாம் சருக்கம் ஒன்றரைப் பக்கம். மனம் தூய்மையில்லாத ஒருவன் வடத்தைத் தொட்டு, தன் தவறை உணர்ந்து கண்ணீர் விட்டான். வெளியீட்டுக்கு வந்த நகரசபை உறுப்பினர் அந்தப் பக்கத்தையே வாசித்து, எல்லோருக்கும் கதவு திறந்திருக்கிற சமயம் என்று பாராட்டினார். யோகராணி அதைப் பிறகு வீடியோவில்தான் பார்த்தார். சுபாங்கனுக்குப் போன் எடுத்தபோது, திருத்துகிற உரிமை சபைக்கு இருக்கிறது, உங்களைக் கௌரவிக்கத்தான் பெயரைப் போட்டோம் என்றான்.

சிறியின் சாதி பற்றிய கதை வேறு வாயால் போய்ச் சேருவதற்கு முன் மகனுக்குத் தானே சொல்ல வேண்டும் என்று நினைத்தார். ஒரு ஞாயிறு மத்தியானம் கஜீவன் வீட்டுக் குசினியில் வைத்துச் சொன்னார். மருமகள் வர்ஷா பாத்திரம் கழுவுவதை நிறுத்திவிட்டுத் திரும்பாமலே நின்றாள். கஜீவன் கோபப்படவில்லை. இதுவரைக்கும் இல்லாத ஒன்றை ஏன் இப்போது எனக்குத் தருகிறீர்கள் என்று ஆங்கிலத்தில் கேட்டான். தன் மகளுடைய தமிழ் வகுப்பு அந்தக் கோவிலில்தான், அவளுடைய சிநேகிதிகள் எல்லோரும் அங்கேதான், விட்டுவிடுங்கள் அம்மா என்றான்.

அவர் விடவில்லை. அடுத்த புராணப் படிப்புக்கு, ஏழாம் சருக்கம் வருகிற சனிக்கிழமை காலை போனார். தமிழில் பத்தொன்பது பாட்டும் வழக்கம்போல் வாசிக்கப்பட்டன. பிறகு சுபாங்கன் ஒலிவாங்கியைப் பிடித்து, பிள்ளைகளுக்குப் புத்தகத்தில் உள்ளதை ஆங்கிலத்தில் சொன்னான். யோகராணி எழுந்து நின்றார். விசாரணை அறையில் ஒரு சொல் தவறிப்போனால் எப்படிச் சொல்வாரோ அப்படி, மொழிபெயர்ப்பில் ஒரு திருத்தம் இருக்கிறது என்று ஆங்கிலத்தில் தொடங்கினார். சாதிப் பெயரைச் சொன்னார். கைகள் கருகி விழுந்ததைச் சொன்னார். ஆயிரத்தெட்டுக் குடத்துக்கு வந்தபோது ஒருவர் நாதஸ்வரம் பதிந்த ஒலித்தட்டைப் போட்டுவிட்டார். முன்வரிசையில் இருந்த ஒரு தாய் தன் பிள்ளைகள் இரண்டையும் எழுப்பிக்கொண்டு வெளியே போனாள். நன்றி சொல்கிற கடைசிப் பாட்டை அந்தச் சத்தத்துக்குள்தான் சொல்லி முடித்தார். ஒருவரும் அவரைத் தொடவோ திட்டவோ இல்லை. சப்பாத்தைப் போட்டுக்கொண்டு தனியே வந்து காரில் ஏறினார்.

தொண்டர் பட்டியலிலிருந்து நீக்கியதாகக் கடிதம் வந்தது. கடையில் கண்ட பெண்கள் தலையாட்டிவிட்டு வேறு பக்கம் போனார்கள். சாதி எங்கேயும் இல்லாத இடத்தில் சாதியைக் கொண்டுவந்தவர் என்ற பெயர் அவருக்கு வந்தது. அதைச் சொன்னவர்களில் சுபாங்கன் பக்கத்து இளைஞர்கள்தான் அதிகம். யோகராணி வக்கீல் மூலம் கடிதம் அனுப்பிய பிறகு இரண்டாம் பதிப்பில் அவருடைய பெயரை எடுத்தார்கள். மொழிபெயர்ப்பு, நிர்வாக சபை என்று போட்டார்கள். அந்தப் பதிப்பை இப்போது வேறு மாநிலத்தில், பரமட்டாப் பக்கத்துக் கோவில் ஒன்றும் பிள்ளைகளுக்குப் பாடமாக வைத்திருக்கிறது.

கஜீவன் இரண்டு மாதம் வரவில்லை. பிறகு ஒருநாள் வேலை முடிந்து நேராக வந்து, அம்மா எழுதியதைக் காட்டச் சொன்னான். அவனுக்குத் தமிழ் வாசிக்க வராது. மேசையில் இருந்து பத்தொன்பது பாட்டின் ஆங்கிலத்தையும் மெதுவாக வாசித்தான். யோகராணி தேத்தண்ணி போட்டு வைத்தார். அது ஆறிப்போனது.

"அப்பாவுக்கு இது தெரியுமா?" என்று தமிழில் கேட்டான்.

"ஓம். வரிக்கு வரி பாடமாத் தெரிஞ்சிருக்கும்."

அவன் தாள்களை அடுக்கி ஓரமாக வைத்தான். தாயின் தோளில் சற்று நேரம் கைவைத்துக்கொண்டு நின்றுவிட்டு, போட்டு வாறன் என்றான். தாள்களைக் கொண்டுபோகவில்லை. மகளைச் சனிக்கிழமைகளில் இப்போதும் அந்தத் தமிழ் வகுப்புக்குத்தான் கூட்டிக்கொண்டு போகிறான். வகுப்பு முடியும்வரை கோவிலுக்குள் போகாமல் காரில் இருக்கிறான் என்று வர்ஷா ஒருமுறை சொன்னாள்.