"மாமா, நீங்க வராதீங்க"

கொஞ்ச நாளைக்கு முன்பு உறையூரிலிருந்து ஒரு போன். பேசியது என் அக்கா மகள் யாழினி. ஒன்பதாம் வகுப்பு படிக்கிறாள்.

"மாமா... தாய்மாமன் சீர் கொண்டு வரலைன்னா சடங்கு நடக்காதுல்ல?"

"ஆமாம்மா. அதுக்குத்தான் அலைஞ்சிட்டிருக்கேன்."

"அப்ப நீங்க வராதீங்க."

அவள் வயதுக்கு வந்திருந்தாள். மண்டபம் பேசியாச்சு. தெருமுனையில் வைக்க, அவள் போட்டோவோடு ஃப்ளெக்ஸுக்கும் சொல்லியாச்சு. அவள் வகுப்புப் பையன்கள் வருகிற ஸ்கூல் வேன் அந்த வழியாகத்தான் போகும். இதை யோசித்தது அவள் ஒருத்திதான்!

ஸ்ரீரங்கத்திலிருந்து பஸ் ஏறிப் போனேன். அக்கா பத்திரிகைகளுக்கு மஞ்சள் தடவிக்கொண்டிருந்தாள்.

"யாழினியைக் கேட்டியாக்கா?"

"சின்னப் பிள்ளையை என்னடா கேட்கிறது? எல்லாரும் செய்யறதுதானே?"

உள்ளேயிருந்து யாழினி வந்தாள்.

"ஸ்கூல்ல ஒரு டாக்டர் வந்து பேசினாங்கம்மா. பசங்களும் பொண்ணுங்களும் சேர்ந்துதான் கேட்டோம். பீரியட்ஸ்ல வெட்கப்பட ஒண்ணும் இல்லைன்னாங்க. எனக்கு வெட்கமும் இல்ல. ஆனா என் உடம்பு விஷயத்தை யார்கிட்ட சொல்லணும்னு என்னைக் கேட்கணும்ல?"

அக்கா கையைத் துடைத்துக்கொண்டாள். பிறகு என்னிடம், "எனக்குச் சடங்கு செஞ்சது ஞாபகம் இருக்காடா?" என்றாள்.

எனக்கு ஜாங்கிரிதான் ஞாபகம் இருந்தது.

"என் கிளாஸ் பசங்க வாசல்ல நின்னு சிரிச்சானுங்க. அப்புறம் ஸ்கூலுக்குக் கிளம்பினாலே அழுகை வரும். யார்கிட்டயும் சொன்னதில்ல... யாரும் கேட்கவும் இல்ல."

ஃப்ளெக்ஸ் கடைக்கு அக்காவே போன் போட்டு வேண்டாம் என்றாள். மண்டபமும் ரத்து. மச்சான்தான் குதித்தார். "சொந்தக்காரங்க என்ன நெனைப்பாங்க?"

"நெனைக்கட்டும்" என்றாள் அக்கா.

பெண் பிள்ளைகளிடம் 'பிடிக்கலைன்னா வேண்டாம்னு சொல்லு' என்கிறோம். யாரோ ஒரு வெளி ஆளிடம் சொல்வதற்கு என்று நினைத்துக்கொள்கிறோம். ஆனால் அவர்கள் முதலில் சொல்வது நம்மிடம்தான். அங்கே அதட்டி உட்கார வைத்துவிட்டு, வெளியில் மட்டும் தைரியமாகப் பேசு என்றால் எப்படி?

ஞாயிற்றுக்கிழமை வீட்டோடு சாப்பாடு. நானும் போனேன் — இந்த முறை யாழினியே கூப்பிட்டாள். அம்மாவின் பட்டுப்புடவையைத் தானே கேட்டு வாங்கிக் கட்டியிருந்தாள். மச்சான் தயங்கித் தயங்கி அவள் பக்கத்தில் போனார்.

"ஒரு போட்டோ எடுத்துக்கவாம்மா?"

"ஒண்ணே ஒண்ணுப்பா. ஸ்டேட்டஸ்ல வைக்கக் கூடாது."

எடுத்தார். இன்று வரை வைக்கவில்லை.