கழுத்துக்கும் வயிற்றுக்கும் முறைத் தண்ணீர்

கொட்டாரத்துக்கு மேற்கே இரண்டு குளம் தாண்டி இருக்கும் ஊரில், இருபத்தேழு வருடமாகப் பாசன சங்கச் செயலாளர் கணபதியப்பன். சானலில் தண்ணீர் குறைந்தால் மேல்மடைக்கு இன்ன கிழமை, கடைமடைக்கு இன்ன கிழமை என்று முறை போடுவது அவர் வேலை. மினிட் புத்தகத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டால் சாமியே வந்து சொன்னாலும் மாற்றமாட்டார். ஒரு வருடம் தன் வயலுக்கான கிழமையைத் தானே எழுத மறந்துபோனார். வரப்பில் குடை பிடித்து உட்கார்ந்து, தன் பயிர் கருகுவதைப் பத்து நாள் பார்த்தாரே தவிரப் புத்தகத்தைத் தொடவில்லை. அந்த வருடம் முழுக்க அவர் மனைவி தாணம்மாள் ரேஷன் அரிசிதான் வடித்தாள்.

அவருக்குச் சர்க்கரை வந்து பதினைந்து வருடம். இன்சுலின் ஊசி ஆறு வருடமாக. போன ஆடியில் தைராய்டும் குறைவு என்று கோட்டாறு டாக்டரம்மா கண்டுபிடித்து, தினமும் வெறும் வயிற்றில் ஒரு மாத்திரை எழுதினார். தைராய்டு மந்தமாக இருந்தால் போட்ட இன்சுலின் உடம்பில் கூடுதல் நேரம் தங்கும். மாத்திரை வேலை செய்யத் தொடங்கினால் இன்சுலின் கூடுதல் வேண்டிவரும். அதனால் இரண்டையும் தவறவிடாமல், அடிக்கடி ரத்தம் பார்த்து அளவை மாற்றவேண்டும் என்று பொறுமையாக விளக்கினார். சொன்னபடியே இரண்டு மாதத்தில் இருபது யூனிட் இருபத்தாறு ஆயிற்று.

கணபதியப்பனுக்கு இந்த வழக்கு புதிதா என்ன? கழுத்தில் இருக்கும் தைராய்டு மேல்மடைக்காரன், வயிற்றில் ஊசி கேட்கும் சர்க்கரை கடைமடைக்காரன். மேலே திறந்தால் கீழே பற்றாது. டாக்டரம்மா படித்தவர்தான், ஆனால் ஒரு செண்டு வயல் கிடையாதே. கணபதியப்பன் ஒரு தாளை எடுத்துக் கோடு போட்டார். திங்கள், புதன், வெள்ளி கழுத்துக்கு மாத்திரை. செவ்வாய், வியாழன், சனி வயிற்றுக்கு ஊசி. ஞாயிறு சானல் அடைப்பு. அடியில் கையெழுத்துப் போட்டு, இன்சுலின் இருந்த ஃபிரிட்ஜின் கதவிலேயே ஒட்டினார்.

கழுத்தின் கிழமைகளில் சர்க்கரை முந்நூற்றைம்பதுக்கு ஏறி, ஒன்றுக்குப் போகப் பதினொரு தடவை புறக்கடைக்கு ஓடினார். மாத்திரை பாதியாகிப்போனதால் மாதம் செல்லச் செல்ல உடம்பு மந்தித்தது. உச்சிவெயிலில் மப்ளர் கட்டினார். டீக்கடையில் சொல்லத் தொடங்கிய விஷயத்தை நூலகத்துப் பக்கம் வந்து முடித்தார். வயிற்றின் கிழமைகளில் ஊசி போட்ட ஒரு மணி நேரத்தில் சட்டை நனைந்து கை ஆடும். அதைக் கடைமடை நிறைந்ததன் அடையாளம் என்று சந்தோஷப்பட்டார்.

தாணம்மாள் அழுது பார்த்தாள். மஸ்கட்டிலிருந்து மகள் நந்தனா போனில் திட்டிப் பார்த்தாள். கழுத்து, வயிறு இரு கட்சியும் சம்மதித்த பிறகு மூன்றாம் ஆள் எதற்கு என்று கேட்டார் மனுஷன். ஊசிக் கிழமையும் சங்கக் கூட்டமும் சேர்ந்து வரும் ஏதோ ஒரு வியாழக்கிழமை இவர் விழுவார், எழமாட்டார் என்று தாணம்மாள் உறுதியாகவே பயந்தாள். அதனால் வியாழன்தோறும் முந்தானையில் கருப்பட்டியை முடிந்துகொண்டு சங்கக் கட்டடத்து வாசலில் போய் நின்றாள். பெண்கள் உள்ளே வரும் வழக்கம் அங்கே கிடையாது.

கும்பப்பூப் பருவத்து நடவு நேரம். கடைமடை வைகுண்டராஜன், மூன்று கிழமைத் தண்ணீர் நாற்றங்காலுக்கே காணாது என்று பிராது கொடுத்திருந்தார். வியாழக்கிழமை கூட்டம். இருபத்தாறு யூனிட்டை ஏற்றிக்கொண்ட கணபதியப்பன், நேரமாயிற்று என்று இட்லியைத் தொடாமலே கிளம்பிவிட்டார். வழக்கம்போல மூன்று கிழமை என்றுதான் தீர்ப்பு வரும் என எல்லாருக்கும் தெரியும். பாதிப் பேச்சில் அவருக்கு வேர்த்துக் கொட்டியது. கண் எங்கேயோ போயிற்று. டாக்டரம்மா சொன்னதெல்லாம் குழம்பி வாயில் வந்தது.

"ரெண்டு மடையையும் தெறங்க, லே. தினமும் தெறக்கணும். அளந்து பாத்து, கூட்டணும்னா கூட்டு, கொறைக்கணும்னா கொறை."

எழுத்தர் எழுதி நீட்டினார். பழகிய கை தானாகக் கையெழுத்துப் போட்டது. பிறகு வைகுண்டராஜன் மடியிலேயே சரிந்தார்.

இருபத்தேழு வருட வழக்கத்தை மிதித்துக்கொண்டு தாணம்மாள் உள்ளே வந்தாள். கருப்பட்டியைத் தண்ணீரில் கரைத்து, முழி பிதுங்கிக் கிடந்தவரை நிமிர்த்தி மெல்ல மெல்லக் குடிக்கவைத்தாள். அவரைக் காரில் ஏற்றும்போதே கடைமடைக்காரர்கள் மண்வெட்டியோடு ஓடிவிட்டார்கள். தீர்ப்பு மாறுவதற்குள் தண்ணீர் வரவேண்டுமே.

மறுநாள் முழுக்க ஆஸ்பத்திரி. டாக்டரம்மா ஊசியின் அளவைக் குறைத்து, மாத்திரை, ஊசி இரண்டையும் தினமும் போடச் சொல்லி அனுப்பினார். சனிக்கிழமை விடிந்தது. வயிற்றின் கிழமை. மாத்திரை கூடாது என்று கணபதியப்பன் ஃபிரிட்ஜ் கதவைக் காட்டினார்.

தாணம்மாள் மினிட் புத்தகத்தை அவர் முன்னால் விரித்தாள். வைகுண்டராஜன் விடியற்காலையிலேயே கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போயிருந்தார். கணபதியப்பன் மூன்று தடவை படித்தார். அப்படிச் சொன்னது சுத்தமாக நினைவில் இல்லை. கையெழுத்து அவருடையதுதான்.

"ஊருக்கு ஒரு உத்தரவு, ஒங்க ஒடம்புக்கு ஒரு உத்தரவா?" என்றாள் தாணம்மாள். "எழுதியாச்சு. மாத்துவியளா?"

அவர் புத்தகத்தை மூடிவிட்டு, "எட்டி தாணு, மாத்திரை போட வெள்ளம் கொண்டா" என்றார்.

தண்ணீர்த் தம்ளர் முதலிலிருந்தே அவளுடைய இன்னொரு கையில்தான் இருந்தது.