பெயரில் மட்டும் கோழி

அமெரிக்காவின் தென்பகுதியில் அந்தச் சாப்பாட்டுக்கு வைத்திருக்கும் பெயர் சிக்கன் ஃப்ரைட் ஸ்டேக். அதில் கோழி இல்லை. மருந்துக்கும் இல்லை. முழுக்க மாட்டிறைச்சி. கோழியைப் பொரிப்பதுபோல மாவில் புரட்டிப் பொரிப்பதால் அந்தப் பெயராம். இதை எனக்குச் சொன்னவர், ஜேர்மனியில் டார்ம்ஸ்டாட் நகரில் நான் கோப்பை கழுவிய சாப்பாட்டுக் கடையின் சமையற்காரர். அமெரிக்கப் படையில் இருந்து விலகி, ஒரு ஜேர்மன்காரியைக் கட்டிக்கொண்டு அங்கேயே தங்கிவிட்டவர். பக்கத்து முகாமின் சிப்பாய்கள் ஊர் ஞாபகம் வந்தால் அவரிடம்தான் வருவார்கள். தொண்ணூறுகளின் தொடக்கம் அது. கோழி இல்லாத சாப்பாட்டுக்குக் கோழியின் பெயரா என்று நான் சிரித்தேன். அந்தச் சிரிப்பை நினைத்தால் இப்போது எனக்கு என்மேலேயே எரிச்சல் வருகிறது.

அப்போது நான் மன்னாரில் இருந்து வந்து இரண்டு வருடம். அகதி விண்ணப்பம் முடிவில்லாமல் கிடந்தது. உடுப்பு வெளுக்கும் கடை ஒன்றின் மேல்மாடியில், சரிந்த கூரைக்குக் கீழே ஒரு அறையும் ஒரு சின்னக் குசினியும். அதில் நானும் யாழ்ப்பாணத்து அண்ணை ஒருவரும் இருந்தோம். என்னைவிடப் பதினைந்து வயது மூத்தவர். ஊரில் தபாற்கந்தோரில் வேலை செய்தவர். இங்கே ஆஸ்பத்திரி ஒன்றின் நிலம் துடைத்தார். நான் கத்தோலிக்கன், அவர் சைவ சமயக்காரர். நல்ல மனிதர்தான். ஆனால் குசினியில் அவருடன் இருப்பது லேசான காரியமல்ல.

எங்களிடம் பொரிக்கிற தாச்சிகள் இரண்டு இருந்தன. ஒரே கடையில் ஒரே நாளில் வாங்கியவை, அச்சொட்டாக ஒரே மாதிரி. அண்ணை தன்னுடைய தாச்சியின் கைபிடியில் சிவப்புக் கம்பளி நூலைச் சுற்றிக் கட்டிவைத்தார். மீன், முட்டை, கோழி எல்லாம் நூல் கட்டிய தாச்சியில். அதில் சமைத்ததை இருவரும் சாப்பிடுவோம். மாடும் பன்றியும் என்னுடைய தாச்சியில். அதை நான் மட்டும் சாப்பிடுவேன். என் தாச்சி தவறிப்போய் அவர் கையில் பட்டால் சவர்க்காரம் போட்டுக் கழுவுவார். ஒருநாளும் வாய் திறந்து ஒன்றும் சொன்னதில்லை, கையைத்தான் கழுவுவார். எனக்கு அது சுள்ளென்று குத்தும். நானும் ஒன்றும் சொன்னதில்லை.

மாட்டிறைச்சி விஷயத்தில் அவருக்கு வெறும் ஆசாரம் மட்டுமல்ல, ஒரு நேர்த்திக்கடனும் இருந்தது. ஆள் கடத்தும் ஏஜென்சிக்காரன் அவரை ரஷ்யா வழியாகக் கொண்டுவந்தபோது, காட்டு வீடு ஒன்றில் பதினொரு நாள் அடைத்து வைத்திருக்கிறார்கள். தின்னக் கொடுத்தது தகரத்தில் அடைத்த இறைச்சி. அது என்ன இறைச்சி என்று தெரியாததால் காய்ந்த ரொட்டிப் பாணை மட்டும் தண்ணீரில் நனைத்துத் தின்றிருக்கிறார். அங்கே வைத்துத்தான் முருகனிடம் பேரம் பேசினார். மாடு என் வாய்க்குள் போகாது, நீ என் மனுசியைக் கொண்டுவந்து சேர்க்க வேண்டும் என்று. இதை என்னிடம் ஒரே ஒருதரம் சொன்னார். சொன்னபோது அவர் முகத்தில் விளையாட்டே இல்லை.

அந்த மனுசி, அவருடைய மனைவி, அப்போது ஜேர்மனிக்கு வரும் பாதையில் இருந்தா. அண்ணைக்கு விசா இல்லாதபடியால் முறைப்படி கூப்பிட வழியில்லை, ஏஜென்சிதான். கடைசியாக ஏதோ ஒரு குளிர்ப் பட்டணத்தில் இருந்து தொலைபேசி எடுத்தா. கால் வீங்கியிருக்கிறது, இன்னும் ஒரு எல்லைதான் மிச்சம் என்று சொன்னாவாம். அதற்குப் பிறகு மூன்று வாரமாகச் சத்தம் இல்லை. அண்ணை வேலைக்குப் போய் வந்தார், மற்ற நேரம் கடைக்கும் எங்களுக்கும் நடுமாடியில் இருந்த கீழ்வீட்டுக்காரரின் தொலைபேசி அடிக்கிறதா என்று படியில் குந்தியிருந்தார். தேத்தண்ணியைத் தவிர ஒன்றும் உள்ளே போகவில்லை. சோறு போட்டுக் கொடுத்தால் அளைந்துவிட்டு வைத்துவிடுவார்.

ஒரு சனிக்கிழமை சமையற்காரர் எனக்குக் கொஞ்சம் இறைச்சி கட்டித் தந்தார். தொடைப்பக்கத்து மலிவான இறைச்சி, செருப்புத் தோல் மாதிரி. அடித்தால் சரிவரும் என்றார். மறுநாள் ஞாயிறு மத்தியானம் குசினிக் கதவைச் சாத்திவிட்டு அடிக்கத் தொடங்கினேன். வீட்டில் இறைச்சி தட்டும் சுத்தியல் இல்லை, வெறும் பியர்ப் போத்தல்தான். ஞாயிற்றுக்கிழமையில் சத்தம் போட்டால் ஜேர்மன்காரருக்குப் பிடிக்காது என்று பலகைக்குக் கீழே துவாயை மடித்து வைத்தேன். அப்படியும் நாலாவது அடியில் கீழ்வீட்டுக்காரர் நிலம் கூட்டும் தும்புத்தடியால் தன் வீட்டு உட்கூரையில் இடித்தார். மிச்சத்தை உள்ளங்கையால் அமத்தி அமத்தி விரித்தேன்.

கோதுமை மாவில் உப்பும் நிறைய மிளகுத்தூளும். எனக்கு அது போதாது, மிளகாய்த்தூளும் போட்டேன். இறைச்சியை மாவில் புரட்டி, முட்டையும் பாலும் அடித்த கலவையில் தோய்த்து, திரும்ப மாவில் புரட்டி, கால்மணி நேரம் சும்மா விட வேண்டும். விடாவிட்டால் எண்ணெயில் மா தனியாகக் கழன்றுபோகும். மூன்று துண்டு வந்தது. பொரித்து எடுத்தபின் அதே தாச்சியின் அடியில் கிடந்த எண்ணெயில் ஒரு கரண்டி மாவை வறுத்து, பாலை ஊற்றி, மிளகு தூவிக் கிண்டினால் வெள்ளைக் குழம்பு ஒன்று வரும். நான் அதைக் கிண்டிக்கொண்டு நிற்கும்போது அண்ணை கதவைத் திறந்தார்.

இரண்டு நாளாக முகம் வழிக்காத தாடி. கண் உள்ளே போயிருந்தது. என் பக்கத்தில் வந்து நின்று அடுப்பைப் பார்த்தார். தட்டுக்கோப்பையில் இருந்த பொரியலைப் பார்த்தார்.

“என்னடா தம்பி, கோழியோ?”

அந்தக் கேள்விக்கு ஒரு சொல்லில் பதில் இருந்தது. நான் அதைச் சொல்லவில்லை.

“சிக்கன் எண்டுதான் அண்ணை அவங்கள் சொல்லுறவங்கள்.”

“ஓமோ?”

“ஓம். சிக்கன் ஃப்ரைட்.”

எதற்காக அப்படிச் சொன்னேன் என்று பல வருடம் யோசித்திருக்கிறேன். இரக்கம் என்றுதான் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். மனிதர் பட்டினி கிடக்கிறார், ஒருவாய் உள்ளே போகட்டும் என்று. அதுவும் உண்மைதான். ஆனால் அதற்குக் கீழே இன்னொன்றும் கிடந்தது. சவர்க்காரம் போட்டுக் கழுவிய அந்தக் கைகள். ஒருநாள் தின்றுதான் பாரேன் என்ற ஒரு குரூரம். அதைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் சொல்லத்தான் வேண்டும்.

அவர் நின்றபடியே ஒரு துண்டைத் தின்றார். பிறகு கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். குழம்பைப் பாணால் துடைத்துத் தின்றார். கொஞ்ச நேரம் கோப்பையையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, இன்னொன்று தா என்றார். கொடுத்தேன். அன்று பின்னேரம் அவர் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்து நன்றாக நித்திரை கொண்டார். மூன்று கிழமையில் அவர் அப்படித் தூங்கியதை நான் பார்த்ததில்லை. நான் என்னுடைய தாச்சியைக் கழுவி ஆணியில் கொழுவினேன், மனதுக்குள் ஒரு நல்ல காரியம் செய்ததாகக்கூட நினைத்தேன்.

அடுத்த சனிக்கிழமை காலை கீழ்வீட்டுத் தொலைபேசிக்கு அழைப்பு வந்தது. பேசியவன் ஏஜென்சியின் ஆள், தமிழன். எல்லை ஆற்றைக் கடக்கும்போது அண்ணையின் மனுசி தண்ணீரோடு போய்விட்டா என்றான். அண்ணை அழவில்லை. தொலைபேசி ரிசீவரை இறுக்கிப் பிடித்துக்கொண்டு ஒரே ஒரு கேள்வியைத் திருப்பித் திருப்பிக் கேட்டார்.

“எண்டைக்கு? எண்டைக்கு நடந்தது? நாளைச் சொல்லுங்கோ.”

அந்த ஆளுக்குத் தெரியவில்லை. அவன் அந்தக் குழுவோடு போனவன் அல்ல, கேட்டதைச் சொல்கிறவன். திதி குறிக்க நாள் வேண்டும், அதற்காகத்தான் அண்ணை கேட்கிறார் என்று நான் நினைத்தேன். ஆனால் எனக்கும் அந்த நாள் வேண்டியிருந்தது. ஞாயிற்றுக்கிழமைக்கு முந்தி நடந்திருக்க வேண்டும் என்று மாதாவிடம் மன்றாடினேன். செத்துப்போன ஒரு பெண் இன்னும் கொஞ்சம் முன்னதாகச் செத்திருக்க வேண்டும் என்று மன்றாடினேன். அப்படியொரு செபம் செய்தவன் நான்.

ஒரு மாதம் கழித்து எல்லைப்பக்கத்துப் பொலிஸில் இருந்து கடிதம் வந்தது. அண்ணையைவிட எனக்குக் கொஞ்சம் ஜேர்மன் தெரியும் என்பதால் நான்தான் வாசித்தேன். உடல் கிடைத்தது அந்த ஞாயிறுக்கு அடுத்து வந்த வியாழக்கிழமை. இறந்த நாள் தெரியாது. தண்ணீரில் ‘மேரெர’ நாட்கள் கிடந்திருக்கிறது என்று வைத்தியர் எழுதியிருந்தார்.

“மேரெர எண்டால் எத்தனை?” என்று கேட்டார்.

“பல எண்டு அர்த்தம் அண்ணை.”

“பல எண்டால் எத்தனையடா? மூண்டோ, பத்தோ?”

ஞாயிறுக்கும் வியாழனுக்கும் இடையில் நாலு நாள். மூன்று என்றால் அவர் தின்றதற்குப் பிறகு, பத்து என்றால் அதற்கு முதல். நான் கடிதத்தையே பார்த்துக்கொண்டு, “பத்துக்குக் கிட்ட வரும்,” என்றேன். அவர் கடிதத்தை வாங்கி மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்தார்.

கொஞ்சக் காலத்தில் அமெரிக்க முகாமை மூடப்போகிறார்கள் என்று கதை வந்தது, சாப்பாட்டுக் கடை அதற்கு முதலே மூடிவிட்டது. எனக்கு ஹம் பட்டணத்தில் ஒரு தொழிற்சாலையில் வேலை கிடைத்தது. கலியாணம் கட்டினேன், ஒரு மகளும் பிறந்தாள். அண்ணை எசன் நகருக்குப் போனார். கிறிஸ்து பிறந்த நத்தாருக்கும் பொங்கலுக்கும் தொலைபேசியில் கதைப்போம். ஒவ்வொரு முறையும் சொல்லிவிட வேண்டும் என்று நினைப்பேன், சுகம் விசாரித்துவிட்டு வைத்துவிடுவேன். பாவசங்கீர்த்தனத்தில் சுவாமியிடம் சொன்னேன். சுவாமி மன்னிப்புத் தந்தார். மாட்டிறைச்சி தின்னாத ஒருவருக்கு நான் செய்ததைச் சுவாமி எப்படி மன்னிக்க முடியும் என்று வெளியில் வந்தபின் தோன்றியது.

தொண்ணூறுகள் முடியப்போகிற நேரம், ஒரு சனிக்கிழமை ஹம்மில் இருந்து றெயில் ஏறி எசனுக்குப் போனேன். ஒரே அறை. தனி ஆள். குசினிச் சுவரில் அந்தத் தாச்சி தொங்கியது. நூல் நிறம் மங்கிப் பழுப்பாகிவிட்டது. அவர் பருப்புக் கிண்டிக்கொண்டிருந்தார். மனுசி போனதில் இருந்து மீன்கூடத் தொடுவதில்லை என்று எனக்குத் தெரியும். இருக்கச் சொன்னார். நான் இருக்கவில்லை.

“அண்ணை, அண்டைக்கு டார்ம்ஸ்டாட்டில நான் தந்தது கோழி இல்லை.”

அவர் திரும்பவில்லை. கரண்டி மட்டும் நின்றது.

“தெரியும்,” என்றார்.

“எப்ப தெரியும்?”

“கதவைத் திறந்த உடனே. நீ உன்ர தாச்சியில எல்லே கிண்டிக்கொண்டு நிண்டனி. கோழி எண்டால் இந்த நூல் கட்டினதில பொரிச்சிருப்பாய்.”

பிறகு ஏன் கேட்டீர்கள் என்றேன்.

“பசியடா. மூண்டு கிழமைப் பசி. மணம் வந்த உடனே கதவைத் திறந்திட்டன். நீ ஓம் எண்டு சொன்னால் திண்டிடலாம் எண்டு இருந்தது. அதுக்குத்தான் கேட்டனான்.” பருப்பைத் திரும்பக் கிண்டினார். “இன்னொண்டு தா எண்டும் கேட்டனான் எல்லே.”

என் பாரத்தை இறக்கி வைக்கத்தான் அத்தனை தூரம் போனேன். அதைவிடப் பெரியதை அவர் இத்தனை வருடமும் ஒற்றையாகத் தூக்கிக்கொண்டு திரிந்திருக்கிறார். ஏஜென்சிக்காரனிடம் நாளைக் கேட்டது திதிக்காக அல்ல என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. மன்னித்துக்கொள்ளுங்கோ என்று சொல்லப் போனவன், அந்தச் சொல் எவ்வளவு அற்பம் என்று தெரிந்து சொல்லாமல் விட்டேன்.

அவர் அடுப்பைக் குறைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

“நீ பத்து நாள் எண்டு சொன்னதையும் அப்பிடித்தான் கேட்டுக்கொண்டனான். இப்ப உனக்கு நல்லா டொச் தெரியும். மகளும் டொச் பள்ளிக்கூடம் போறாள். உண்மையைச் சொல்லு. மேரெர எண்டால் எத்தனை நாள்?”

அவர் சொன்னபடி எனக்கு ஜேர்மன் மொழி இப்போது நன்றாகத் தெரியும். தொழிற்சாலையில் தினமும் அந்தச் சொல்லைச் சொல்கிறேன். அதில் மூன்றும் அடங்கும், பத்தும் அடங்கும். திரும்பவும் பத்து என்று சொல்ல நாக்கு நுனி வரை வந்தது.

“தெரியாது அண்ணை,” என்றேன். “அந்தச் சொல்லில அது இல்லை.”

அவர் தலையை ஆட்டினார். இரண்டு கோப்பை எடுத்துச் சோறு போட்டு, பருப்பை ஊற்றி, ஒன்றை என் முன்னால் வைத்தார். தன்னுடையதைக் கையில் வைத்துக்கொண்டு வெகுநேரம் சாப்பிடாமல் இருந்தார்.