தம்பி பணத்துக்கு வாடகை

என் நாத்தனாரைப் பற்றி நல்லதாகச் சொல்ல வேண்டிய அவசியம் எனக்கு எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. ஆகவே இதில் எங்காவது அவரைப் பற்றி நல்ல வார்த்தை ஒன்று வந்துவிட்டால், அது உண்மை என்றே எடுத்துக்கொள்ளலாம்.

அவர் என் கணவருக்கு அக்கா. வேலை ஆஸ்பத்திரி சலவைக்கூடத்தில். படுக்கை விரிப்புகள் ஈரமாக உருளைக்குள் போய் அந்தப் பக்கம் சூடாக வரும். ஆளுக்கு இரண்டு முனையைப் பிடித்து, மூலைக்கு மூலை சேர்த்து மடித்து அடுக்க வேண்டும். அந்த வேலையின் பழக்கத்தில் வீட்டில் கைக்குட்டைகூட மூலை சேராமல் இருக்க விடமாட்டார். எனக்குக் கல்யாணமான புதிதில் நான் மடித்து வைத்த போர்வையை என் கண்ணெதிரே பிரித்து, மறுபடி மடித்து வைத்தார். நான் அதை மறக்கவில்லை. மறக்கிற உத்தேசமும் இல்லை.

நாத்தனாரின் கணவர் தவறிய பிறகு அவருக்கு அரசாங்கக் குடியிருப்பில் ஒற்றை அறை வீடு கிடைத்தது. சமையலுக்கு ஒரு மூலை, தண்ணீர்த் தொட்டியைப் பார்த்த ஒரு ஜன்னல். அங்கே வீட்டைப் பார்த்து வாடகை போடுவதில்லை, ஆளைப் பார்த்துப் போடுவார்கள். மாதம் கைக்கு என்ன வருகிறதோ, அதில் வயது, மருந்துச் செலவு, படிக்கிற பிள்ளைகள் என்று கொஞ்சம் கழித்துவிட்டு, மிச்சத்தில் நூற்றுக்கு முப்பது வாடகை. வரும்படி ஏறினால் வாடகை ஏறும், இறங்கினால் இறங்கும். ஏறினாலும் இறங்கினாலும் நாமே போய்ச் சொல்ல வேண்டும். அது போக வருஷத்துக்கு ஒருமுறை அவர்களே கூப்பிட்டுக் கேட்பார்கள். நியாயமான ஏற்பாடுதான். ஆனால் நியாயத்தோடு குடித்தனம் நடத்துவது லேசான காரியமில்லை. அந்தக் குடியிருப்பில் ஒருவருக்குச் சம்பளம் கூடினால் பக்கத்து வீட்டார் துக்கம் விசாரிக்க வருவார்கள்.

"எவ்வளவு ஏத்திட்டாங்க?"

"கொஞ்சம்தான்."

"மனசத் தேத்திக்கோங்க."

என் கணவர் அப்போது பஸ் டிப்போவில் டைம்கீப்பர். எந்த பஸ் எத்தனை மணிக்கு வந்தது, எப்போது கிளம்பியது என்று குறிப்பது வேலை. வீட்டிலும் அப்படித்தான். சிரிப்பதாக இருந்தாலும் கடிகாரத்தைப் பார்த்துவிட்டுத்தான் சிரிப்பார். தாயில்லாத வீட்டில் அவரைக் குளிப்பாட்டிச் சோறூட்டி வளர்த்தது அக்காதான். அதனால் மாசாமாசம் ஒன்றாம் தேதி, பேங்க் கதவு திறக்கும் முன்பே போய் நின்று, அக்காவுக்குப் பணம் அனுப்பிவிட்டுத்தான் டிப்போவுக்குப் போவார். நான் அதற்கு எதிரி இல்லை. ஆதரவு என்றும் சொல்ல முடியாது.

ஒரு வருஷம் வாடகை ஆபீசுக்கு நாத்தனார் என்னைத் துணைக்குக் கூப்பிட்டார். அங்கே கண்ணாடித் தடுப்பில் பேசுவதற்கு ஒரு ஓட்டை உண்டு. அதைச் சின்னப் பிள்ளையின் உயரத்தில் போட்டிருந்தார்கள். பெரியவர்கள் எல்லாரும் குனிந்துதான் பேச வேண்டும். தடுப்புக்கு அந்தப் பக்கம் இருந்தவரைக் குடியிருப்பில் வாடகை மேடம் என்பார்கள். பொல்லாத பெண் இல்லை. சம்பளம் எவ்வளவு, மருந்து உண்டா என்று வரிசையாகக் கேட்டுவிட்டு, "வேற யாராவது பணம் குடுத்து உதவறாங்களாம்மா?" என்றார்.

குனிந்திருந்த நாத்தனார் நிமிர்ந்தார். "என் தம்பி. மாசாமாசம். ஒண்ணாம் தேதி."

ஓட்டைக்கு மேலே வாயை வைத்துச் சொன்னதால் அந்தப் பக்கம் கேட்கவில்லை. நாத்தனார் குனிந்து மறுபடி ஒருமுறை சொன்னார்.

வாடகை மேடம் எழுதாமல் பேனாவைத் தூக்கிப் பிடித்தார். "தவறாம வர்ற பணம்னா அதையும் வருமானத்துல சேர்க்கணும்மா. எப்பவாவது வர்ற பணம்னா சேர்க்க வேண்டாம். உங்க தம்பி எப்பவாவது அனுப்புவார், அப்படித்தானே?"

அந்தப் பெண்ணாகக் கதவைத் திறந்து வைத்துவிட்டு, வா என்று கூப்பிடுகிறது. மனுஷராகப் பிறந்தவர் எவராக இருந்தாலும் உள்ளே போயிருப்பார்கள்.

"எப்பவாவதா? என் தம்பியப் பத்தி உங்களுக்குத் தெரியாது. பேங்க்காரன் கதவத் திறக்க மறந்தாலும் இவன் அனுப்ப மறக்கமாட்டான்."

நான் அவர் காலை மிதித்தேன்.

"ஏம்மா கால மிதிக்கற?" என்று ஆபீசுக்கே கேட்கும்படி கேட்டார்.

நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். நுணலுக்குத் தம்பி இருந்தால் இன்னும் சீக்கிரம் கெடும். மேடம் எழுதிக்கொண்டார், வாடகை ஏறியது.

வீட்டுக்கு வந்து கணவரிடம் சொன்னேன். தலையில் அடித்துக்கொள்வார் என்று பார்த்தால், "அக்கா என்ன சொன்னாங்க? அப்படியே சொல்லு" என்றார். சொன்னேன். சாப்பிடும்போது இன்னொரு தரம் கேட்டார். அடுத்த மாதம் ஏறிய வாடகைக்கும் சேர்த்துக் கூட்டி அனுப்பினார். மறு வருஷம் நாத்தனார் ஆபீசில் அதையும் சொன்னார். "இப்பக் கூட்டி அனுப்பறான்." அதற்கும் வாடகை ஏறியது. அவர் பெருமைப்பட்டதில் நூற்றுக்கு முப்பது அரசாங்கத்துக்குப் போய்க்கொண்டிருந்தது.

அப்புறம் டிப்போவில் ஒவ்வொரு பஸ்சிலும் ஒரு கருவியைப் பொருத்தினார்கள். பஸ் எங்கே இருக்கிறது என்று அதுவே சொல்லிவிடும். டைம்கீப்பர்களுக்கு ஆளுக்கொரு கடிதம் கொடுத்து வீட்டுக்கு அனுப்பினார்கள். என் கணவருக்குக் கிடங்கு ஒன்றில் காவல் வேலை கிடைத்தது, பாதிச் சம்பளம். நாங்களும் விண்ணப்பம் போட்டு அதே குடியிருப்பின் பின்பக்க பிளாக்குக்கு வந்து சேர்ந்தோம். இனிமேல் பணம் அனுப்ப முடியாது என்று அக்காவிடம் அவரே போய்ச் சொன்னார்.

"அதுக்கென்னடா. எனக்கு என்ன குறை? அனுப்ப வேணாம்" என்றார் நாத்தனார்.

அடுத்த ஒன்றாம் தேதி என் கணவர் வழக்கமான நேரத்துக்குச் சட்டை போட்டுக்கொண்டார். பிறகு வாசல் வரை போய்த் திரும்பி வந்து கழற்றிவிட்டார். அதைப் பார்க்க எனக்குப் பொறுக்கவில்லை. நாத்தனார் விஷயத்தில் எனக்கு ஒரு நிம்மதி இருந்தது. பணம் நின்றுவிட்டது என்று ஆபீசில் சொல்லியிருப்பார், வாடகை தானாகக் குறைந்திருக்கும். யாராக இருந்தாலும் அதைத்தானே செய்வார்கள்.

சில மாதம் கழித்து ஒரு நாள் வாளியைத் திருப்பிக் கொடுக்க அவர் வீட்டுக்குப் போனேன். துணிக் கொடியில் கிளிப் மாட்டி ஒரு காகிதம் தொங்கியது. வாடகை பாக்கி, இந்த மாதக் கடைசிக்குள் கட்டாவிட்டால் வீட்டைக் காலி செய்ய வேண்டும் என்று இருந்தது. அண்ணாந்து பார்த்தேன். கூரையில் கொக்கி மட்டும் இருந்தது.

"அக்கா, ஃபேன் எங்க?"

"சத்தம் போட்டுச்சு. வித்துட்டேன்."

அடுப்பு சுத்தமாக இருந்தது. அதற்கு வேலை இல்லாத சுத்தம்.

"அவர் பணம் அனுப்பறது நின்னு போச்சுன்னு ஆபீஸ்ல சொல்லலையா நீங்க?"

அவர் ஒரு துண்டை மூலை சேர்த்து மடித்துக்கொண்டிருந்தார். "சொல்லல."

"ஏன்?"

"என்னன்னு சொல்றது? தம்பி அனுப்பறதில்லன்னா? அந்தப் பொண்ணு அத எழுதிக்கும். வருஷா வருஷம் எடுத்துப் படிக்கும்."

"வராத பணத்துக்கு வாடகை கட்டிட்டிருக்கீங்க. புரியுதா உங்களுக்கு?"

"கொஞ்ச நாளா வரல. அவ்வளவுதானே."

அந்த வாடகைக்காக ஓவர்டைம் பார்த்திருக்கிறார். ஓவர்டைம் பார்த்ததை நேர்மையாகப் போய்ச் சொல்லியிருக்கிறார். அதற்கும் வாடகை ஏறியிருக்கிறது. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அழுகையும் வந்தது. அவர் முன்னால் அழ முடியாது என்பதால் கத்தினேன். இந்த வீடும் போனால் எங்கே போவார்? எங்கள் வீட்டில் அவரைச் சேர்த்துக்கொண்டால் அவர் சம்பளம் எங்கள் கணக்கில் ஏறும், எங்கள் வாடகை எகிறும். அதற்கும் மேல், என் போர்வையெல்லாம் தினமும் பிரிபடும். அப்படியும் நான் சேர்த்துக்கொண்டிருப்பேன். அவர் வரமாட்டார், அதுதான் தொல்லை.

கணவருக்கு விடுப்பு கிடைத்த நாளில் மூன்று பேருமாக வாடகை ஆபீசுக்குப் போனோம். டிப்போ கொடுத்த கடிதத்தை நான் கையோடு எடுத்துக்கொண்டேன்.

"தம்பி இப்பவும் பணம் அனுப்பறாராம்மா?" என்று கேட்டார் வாடகை மேடம்.

"அனுப்பறான்" என்றார் நாத்தனார்.

என் கணவர் ஓட்டையிடம் குனிந்தார். "இல்ல மேடம். நான்தான் அந்தத் தம்பி. அனுப்பறதில்ல. வேலை போயிடுச்சு."

"அவன் அப்படித்தான் சொல்லுவான். செஞ்சத வெளிய சொல்லிக்கற பழக்கமே அவனுக்குக் கிடையாது."

மேடம் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பவர்களை அவர் தினமும் பார்க்கிறவர். இல்லாத பூசணிக்காயை இருக்கிறது என்று சாதிப்பவரை அன்றுதான் பார்த்திருப்பார்.

"அம்மா, நீங்க சொல்லாம நான் வாடகையக் குறைக்க முடியாது. மாசக் கடைசில வீடு போயிடும்."

நாத்தனார் முந்தானை நுனியை மூலை சேர்த்து மடித்தார். என் கணவர் பேசி முடித்தும் நிமிரவில்லை, ஓட்டைக்கு நேராகக் குனிந்தபடியே நின்றார். பிடரியில் அவருக்கு முடி நரைத்திருந்தது எனக்கு அன்றுதான் தெரிந்தது.

"எப்பவாவது அனுப்புவார், மேடம்" என்றேன் நான். "முடியறப்ப."

நாத்தனார் என்னைப் பார்த்த பார்வையில் கடித்துவிடுவாரோ என்றிருந்தது. பிறகு தம்பியின் பிடரியைப் பார்த்தார்.

"ஆமா" என்றார். "எப்பவாவது அனுப்புவான்."

மேடம் எழுதத் தொடங்கியதும், "மறக்கறவன் இல்ல. அதையும் எழுதிக்கோங்க" என்றார்.

மேடம் அதை எழுதினாரா என்று எனக்குத் தெரியாது, எழுதுவது போலக் கையை அசைத்தார். டிப்போ கடிதத்தின் தேதியிலிருந்து கணக்கைத் திரும்பப் போட்டதில் பாக்கி பெரும்பாலும் கழிந்தது. வீடு தப்பியது. ஆபீஸ் கேட் தாண்டியதும் நாத்தனார் என்னிடம், "துணி மடிக்கத்தான் வரலன்னு நினைச்சேன். உனக்குப் பேச வருது" என்றார். அது பாராட்டா என்று நான் கேட்கவில்லை.

அடுத்த ஒன்றாம் தேதி காலையில், வேலைக்குப் போகிற வழியில் எங்கள் வீட்டுக்கு வந்தார். என் போர்வையைப் பிரித்து மறுபடி மடித்து, அதன்மேல் பணத்தை வைத்தார்.

"என்னக்கா இது?" என்று பதறினார் என் கணவர்.

"வாடகை குறைஞ்சிருக்கில்ல. எனக்கு எதுக்கு அவ்வளவு? பிடிக்கலன்னா தெருவுல போடு."

அதற்கடுத்த ஒன்றாம் தேதியும் வந்தார். மழை கொட்டிய மாதமும் வந்தார், நனைந்துகொண்டு. தானாடாவிட்டாலும் தன் தசை ஆடும் என்பார்கள். இவர்கள் வீட்டில் அந்தத் தசை தேதி பார்த்து ஆடும்.

இந்த வருஷம் எங்கள் முறை வந்தது. வாடகை ஆபீசுக்குப் போகிற வழியெல்லாம் நான் கணவருக்குப் பாடம் எடுத்தேன். "யாராவது உதவறாங்களான்னு கேப்பாங்க. நீங்க வாயத் திறக்கக் கூடாது. எப்பவாவதுன்னு நான் சொல்லிக்கறேன். காவல்காரர் சம்பளத்துல இன்னும் வாடகை ஏறினா நாம ஃபேன் விக்கணும்." அவர் சரி சரி என்று தலையாட்டினார்.

வாடகை மேடம் எல்லாம் கேட்டு எழுதிவிட்டு, "வேற யாராவது பணம் குடுத்து உதவறாங்களா?" என்றார்.

என் கணவர் என்னைப் பார்த்தார். கொடுத்த வாக்குப்படி வாயைத் திறக்கவில்லை. உதட்டை இறுக்கி மூடிக்கொண்டு, கண்ணாடியில் ஒட்டியிருந்த அறிவிப்பைப் படிப்பது போல நின்றார். அதே அக்காவுக்கு அதே தம்பி. சொல்ல முடியாமல் சட்டைப் பொத்தானைத் திருகினார்.

"எப்பவாவது யாராவது குடுப்பாங்களா?" என்று மேடமே கதவைத் திறந்தார்.

நான் ஓட்டையிடம் குனிந்தேன். "அவரோட அக்கா" என்றேன். "மாசாமாசம். ஒண்ணாம் தேதி."

என் கணவர் என் காலை மிதித்தார். நான் காலை எடுக்கவில்லை.

எங்கள் வாடகை ஏறிவிட்டது. பக்கத்து வீட்டார் வந்து துக்கம் விசாரித்துவிட்டுப் போனார்கள். அவர்களுக்குப் பின்னாலேயே நாத்தனார் வந்தார்.

"அறிவிருக்கா உனக்கு? எப்பவாவதுன்னு சொல்லித் தொலைக்க வேண்டியதுதானே? எனக்குச் சொல்லிக் குடுத்தவ நீ."

அவர் என் போர்வையை எடுத்துப் பிரித்தார். ஒரு பக்கத்து முனைகளை என்னிடம் நீட்டினார். நான் பிடித்துக்கொண்டேன். மூலைக்கு மூலை சேர்த்தோம்.

"சரி, என்னன்னு சொன்ன? அப்படியே சொல்லு" என்றார்.

சொன்னேன்.

"இன்னொரு தரம் சொல்லு" என்றார்.