ஹவுஸ் ஓனர் அங்கிள்

நான் மூன்றாம் வகுப்பு படிக்கும்போது ஒருநாள் காலையில் எங்கள் பெரியப்பா எங்களுக்குப் பெரியப்பா இல்லாமல் போனார். தட்டில் இட்லியை வைத்துக்கொண்டே அம்மா அதைச் சொன்னாள். "இன்னிக்கு ஒரு நாள் அவர ஹவுஸ் ஓனர் அங்கிள்னு கூப்புடு. நாம பின் போர்ஷன் குடித்தனக்காரங்க. புரிஞ்சுதா?"

புரியாமல் என்ன? பள்ளி ஆண்டுவிழாவில் முயல் வேஷம் போட்டுக் கைதட்டு வாங்கியவள் நான்.

சிட்லபாக்கத்தில் முன்பகுதியில் பெரியப்பா குடும்பம், பின்பகுதியில் நாங்கள். காட்டுநாயக்கர்கள், பழங்குடி. பெரியப்பாவிடம் அதற்குச் சான்றிதழ் இருந்தது, அதைக் கொண்டு கிடைத்த அரசு வேலையும் இருந்தது. அப்பாவைப் பள்ளியில் சேர்த்தபோதோ, வீட்டில் தெலுங்கு மாதிரி ஏதோ பேசுகிறார்களே என்று தலைமையாசிரியர் 'நாயுடு' என்று எழுதிவிட்டார். ஒரே வயிற்றில் பிறந்தவர்களுக்குக் காகிதத்தில் இரண்டு சாதி.

பிளஸ் டூ முடித்திருந்த அக்காவுக்குச் சான்றிதழ் வாங்க அப்பா தாம்பரம் ஆர்.டி.ஓ. ஆபீசுக்கு நடையாய் நடந்தார். ரத்த சொந்தத்தில் யாருக்காவது இருந்தால் கொண்டுவரச் சொன்னார்கள். பெரியப்பாவுடையதைக் கொடுக்கலாம் என்றிருந்தபோதுதான், அது போலிச் சான்றிதழ் என்று அவர் அலுவலகத்துக்கு யாரோ மொட்டைக் கடுதாசி போட்டார்கள். விசாரிக்க வரும் அதிகாரியின் கண்ணில் அப்பாவின் 'நாயுடு' பட்டால் பெரியப்பாவின் வேலை போய்விடும். இதெல்லாம் பிற்பாடு நான் துண்டு துண்டாகக் கோத்துக்கொண்டது. அன்று எனக்குத் தெரிந்தது வேஷம் மட்டும்தான்.

ஜீப்பில் வந்த அதிகாரி முன்வீட்டில் உட்கார்ந்து ஒரு மணி நேரம் கேட்டார். குலதெய்வம் எது, கல்யாணத்தில் என்ன சடங்கு, உங்கள் பேச்சில் தண்ணீருக்கு என்ன பெயர். நான் ஜன்னலுக்கு வெளியே நின்று ஒவ்வொன்றுக்கும் வாய்க்குள்ளேயே பதில் சொல்லிக்கொண்டிருந்தேன். எல்லாம் தெரிந்திருந்தும் கையைத் தூக்க முடியவில்லை.

வெளியே வந்தவர் என்னைப் பார்த்தார்.

"பாப்பா, இவரு உனக்கு இன்னா வேணும்?"

"ஹவுஸ் ஓனர் அங்கிள் சார். ரொம்ப ஸ்ட்ரிக்டு. மாடில பந்து விழுந்தா தரவே மாட்டாரு."

அந்தப் பந்தை வாங்கிக் கொடுத்ததே பெரியப்பாதான்.

அதிகாரி சிரித்தார். "சொந்தம் கிந்தம் எதுவும் இல்லியா?"

"ஐயே, சொந்தமா? சீச்சீ!"

பெரியப்பா செருப்பைத் தேடுவதுபோலக் குனிந்துகொண்டார்.

அதிகாரி ஒரு தாளில் எழுதி, அக்காவோடு எங்கள் வாசலில் நின்றிருந்த அப்பாவிடம் நீட்டினார். முன்வீட்டுக்காரருக்கும் எங்களுக்கும் எந்த உறவும் இல்லை என்ற வாக்குமூலம். "சும்மா ஒரு ஃபார்மாலிட்டி சார்." அப்பா சட்டைப் பையைத் தடவினார். பேனா அதில்தான் இருந்தது. தடவிக்கொண்டே அக்காவைப் பார்த்தார். அதில் கையெழுத்துப் போட்டால் அவளுக்கு இருந்த ஒரே ஆதாரமும் போயிற்று.

அக்கா உள்ளே போய்த் தன் பேனாவை எடுத்துவந்தாள். மூடியைக் கழற்றி நீட்டினாள். "போடுப்பா. சாருக்கு நேரமாவுதுல்ல."

அப்பா போட்டார். அதிகாரி அந்தக் கையெழுத்தைச் சற்று நேரம் பார்த்தார். அண்ணன் தம்பி இருவருக்கும் ஒரே இனிஷியல். என்ன நினைத்தாரோ, ஒன்றும் கேட்காமல் ஃபைலை மூடிக்கொண்டு கிளம்பினார்.

பெரியப்பாவின் வேலைக்கு ஒன்றும் ஆகவில்லை. அக்காவின் மனு, ரத்த சொந்தத்துக்கு ஆதாரம் இல்லையென்று திரும்பி வந்தது. நர்சிங் படிக்க நினைத்தவள் நாவலூர்க் கம்பெனி ஒன்றின் ரிசப்ஷனில் போய் உட்கார்ந்தாள். எனக்கும் இன்றுவரை சான்றிதழ் கிடைக்கவில்லை.

ஆனால் அன்று ஜீப் தெருமுனையில் திரும்பியதும் எனக்குக் கைதட்டு வேண்டியிருந்தது.

"சூப்பரா நடிச்சேன்லக்கா?"

"சூப்பர்டி" என்றாள், என்னைப் பார்க்காமலே.

அது எனக்குப் போதவில்லை. "பெரியப்பா!" என்று கத்திக்கொண்டு முன்வீட்டைப் பார்த்து ஓடினேன். அப்பா எட்டிப் பிடித்து என் வாயைப் பொத்தினார். அவர் உள்ளங்கை ஈரமாக இருந்தது. ஜீப்தான் போய்விட்டதே, தெருவிலும் ஆளில்லையே, வாசற்படியில் எங்களுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருக்கும் பெரியப்பாவைத் தவிர வேறு யார் காதில் விழப்போகிறது என்று நான் அந்தக் கைக்குள் திமிறிக்கொண்டிருந்தேன்.