லேமினேட் செய்த பாஸ்போர்ட்டுக்கு இரண்டு மடங்கு கட்டணம்

"நான்தான் செய்யச் சொன்னேன்" என்ற மூன்று சொற்களை அன்றைக்கு நான் சொல்லவில்லை. கவுன்டரில் இருந்த அதிகாரி ராணியக்காவின் பழைய பாஸ்போர்ட்டைத் தூக்கிப் பிடித்து, இதற்கு லேமினேஷன் போட்டது யார் என்று இந்தியில் கேட்டபோது அவர் பக்கத்தில்தான் நின்றிருந்தேன். ராணியக்கா என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. நான்தான் போட்டேன் சார் என்றார்.

பாஸ்போர்ட் எடுக்கவோ புதுப்பிக்கவோ எவ்வளவு ஆகும் என்று தேடி இந்தப் பக்கத்துக்கு வந்திருப்பீர்கள். அரசு சொல்லும் விலையை முதலில் சொல்லிவிடுகிறேன். பெரியவர்களுக்கு, முப்பத்தாறு பக்கப் புத்தகம், சாதாரண முறையில் ஆயிரத்து ஐந்நூறு ரூபாய். அவசரம் என்று தத்காலில் போட்டால் மேலும் இரண்டாயிரம். இதைத் தெரிந்துகொள்ள ஒரு நிமிடம் போதும். மீதியைத் தெரிந்துகொள்ள எங்களுக்கு இரண்டு மாதம் ஆயிற்று.

ஆகஸ்ட் கடைசியில், ஒரு செவ்வாய்க்கிழமை, இரண்டு பேரும் சேர்ந்து போனோம். என் பாஸ்போர்ட் ஜனவரியில் காலாவதியாகிறது. எங்கே போகிறாய் என்று கேட்பவர்களுக்கு: எங்கேயும் இல்லை. அவசரம் ராணியக்காவுக்குத்தான். அவர் விழுப்புரம் பக்கத்துக்காரர், டெல்லிக்கு வந்து இருபது வருடத்துக்கு மேல் ஆகிறது. கரோல் பாகில் நான் வாடகைக்கு இருக்கும் கட்டடத்தில் என்னுடையதையும் சேர்த்து நான்கு வீடுகளில் வேலை செய்கிறார். நடுவில் மூன்று வருடம் குவைத்தில் வீட்டுவேலைக்குப் போயிருந்தார். பாஸ்போர்ட் அப்போது எடுத்தது; போன வருடம் காலாவதியாகிவிட்டது. அவருடைய ஒரே மகள் கவிதா கல்யாணமாகி மலேசியாவில் கிள்ளானில் இருக்கிறாள். அக்டோபர் மூன்றாவது வாரத்தில் அவளுக்கு முதல் பிரசவம். முறைப்படி மகள்தான் தாய்வீட்டுக்கு வர வேண்டும். தாய்வீடு என்பது ரயில் பாதை ஓரத்தில் ஒற்றை அறை, மழை பெய்தால் உள்ளே தண்ணீர். அதனால் தாய் போவது என்று முடிவாயிற்று. கையில் ஏழு வாரம் இருந்தது.

என்னிடம் வருவதற்கு முன்பே அவர் ஒரு கம்ப்யூட்டர் கடைக்குப் போயிருக்கிறார். கடைக்காரர் மூவாயிரத்து இருநூறு ரூபாய் வாங்கிக்கொண்டு, அசோகச் சின்னம் அச்சிட்ட ஒரு தாளைக் கையில் கொடுத்து, போன் வரும் என்று அனுப்பிவிட்டார். மூன்று வாரமாகப் போன் வரவில்லை. தாளை வாங்கிப் பார்த்தேன். அரசுத் தளத்தைப் போலவே வேடம் போட்ட ஏதோ ஒரு தளம். நாள், நேரம், கோப்பு எண் எதுவும் இல்லை. கேட்கப் போனபோது, அது ஆன்லைனில் போய்விட்டது, ஆன்லைனைத்தான் கேட்க வேண்டும் என்றாராம். ஏன் முதலிலேயே என்னிடம் சொல்லவில்லை என்று கோபப்பட்டேன். "நீ லேப்டாப்ல எப்பவும் ஏதோ வேலையா இருக்க பாப்பா, எதுக்கு டிஸ்டர்ப்புன்னு விட்டேன்" என்றார். அன்று மாலையே உண்மையான தளத்தில் இரண்டு பேருக்கும் படிவம் நிரப்பினேன். நாற்பது நிமிடம். ஆளுக்கு ஆயிரத்து ஐந்நூறு. எனக்கு ஒன்பதே முக்கால், அவருக்குப் பத்து மணி என்று நேரம் கிடைத்தது.

காலை ஏழே முக்காலுக்கு ராணியக்கா கீழே வந்து நின்றார். மெட்ரோவில் போகலாம் என்றேன். "பஸ்ஸுல போனா நமக்கு ஃப்ரீ. எதுக்குக் காசக் குடுத்து பூமிக்குள்ள போவணும்?" என்றார். இந்த ஊரில் பெண்களுக்குப் பேருந்தில் பிங்க் டிக்கெட், காசில்லை. இருந்தாலும் தாமதமாகிவிடும் என்று பயந்து மெட்ரோவுக்கே இழுத்துக்கொண்டு போனேன். கரோல் பாகில் ஏறி, ஒருமுறை வண்டி மாறி, ஏறத்தாழ ஒன்பது கிலோமீட்டர், ஆளுக்கு முப்பத்திரண்டு ரூபாய். அலுவலகத்தின் பெயரை எழுதப் போவதில்லை. இங்கே நடந்தது எந்த ஊர் அலுவலகத்திலும் நடக்கக்கூடியது.

ஸ்டேஷனிலிருந்து அலுவலகம் ஒன்றேகால் கிலோமீட்டர். மீட்டர் போட்டால் முப்பது ரூபாய் வரும் தூரத்துக்கு ஆட்டோக்காரர் நூறு கேட்டார். பாஸ்போர்ட் ஆபீஸ்தானே, வெளிநாடு போகிறவர்கள் நூறு ரூபாய்க்கா யோசிப்பீர்கள் என்று சிரித்தார். ராணியக்கா அவருடைய சரளமான இந்தியில், "முதல்ல போயிட்டு வர்றேன் பையா, வந்து டாலர்லயே தர்றேன், அதுவரைக்கும் இங்கேயே நில்லு" என்கிற மாதிரி ஒன்றைச் சொல்லிவிட்டு நடக்க ஆரம்பித்தார். பதினெட்டு நிமிடம் நடந்தோம்.

வாசலில் ஒரு சிறிய சந்தையே இருந்தது. பை உள்ளே போகாது, இங்கே வை, ஐம்பது ரூபாய். படிவம் சரிபார்க்க இருநூறு. கரோல் பாகில் இரண்டு ரூபாய்க்கு எடுக்கும் நகல் இங்கே பத்து. ராணியக்கா முந்தின நாள் எடுத்துவைத்த நகல்களை வீட்டிலேயே விட்டுவிட்டு வந்திருந்தார். ஆறு பக்கத்துக்கு அறுபது ரூபாய். போட்டோ வேண்டும், இல்லாவிட்டால் திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்று ஒருவர் கூடவே வந்தார். போட்டோவை உள்ளேதான் எடுக்கிறார்கள், அதற்குத் தனியாகப் பணம் கிடையாது. இதை யாராவது ஒரு பலகையில் எழுதி அந்த வாசலில் மாட்டினால் பாதிச் சந்தை காலியாகிவிடும். அப்படி ஒரு பலகை என் கண்ணில் படவில்லை.

உள்ளே ஏ, பி, சி என்று மூன்று கட்டமாகக் கவுன்டர்கள். ஏ-யில் போட்டோவும் கைரேகையும். பாத்திரம் தேய்த்துத் தேய்த்து ராணியக்காவின் விரல்களில் ரேகை மழுங்கிப் போயிருந்தது. இயந்திரம் நான்கு தடவை மறுத்து ஐந்தாவது தடவை ஏற்றுக்கொண்டது. அங்கே இருந்த பெண் பாஸ்போர்ட்டைப் புரட்டிப் பார்த்து, பி-யில் சொல்வார்கள் என்று மட்டும் சொன்னாள். என் வேலை இதற்குள் மூன்று கவுன்டரிலும் முடிந்திருந்தது. கடைசிக் கையெழுத்துப் போட்டபோது மணி பத்து ஐம்பது. ராணியக்காவின் எண் பி-யில் ஒளிர்ந்தபோது துணைக்குப் போய் நின்றேன்.

இனி லேமினேஷன் கதை. போன வருட மழையில் அவர் வீட்டுக்குள் முழங்கால் அளவு தண்ணீர் வந்து ரேஷன் அட்டை கூழாகிப் போனது. எல்லாக் காகிதத்தையும் லேமினேட் செய்துவிடுங்கள் என்று யோசனை சொன்னது நான். கரோல் பாகில் கடைக்குக் கூட்டிக்கொண்டு போனதும் நான். ஆதார், மகளின் பள்ளிச் சான்றிதழ், அதோடு பாஸ்போர்ட்டின் முதல் பக்கமும் கடைசிப் பக்கமும். இதற்குமா என்று கடைக்காரர் ஒருமுறை கேட்டார். ஆமாம், அதுதான் முக்கியம் என்றேன். பக்கத்துக்கு இருபது ரூபாய். அன்று இரவு, உருப்படியாக ஒரு காரியம் செய்தோம் என்ற நிறைவோடு தூங்கினேன்.

அதிகாரி வயதானவர், குரலை உயர்த்தாதவர். பிளாஸ்டிக்கின் ஓரத்தை நகத்தால் மெல்லத் தூக்கினார். உள்ளே ஏற்கெனவே குமிழ் விட்டிருந்த கடைசிப் பக்கத்தில் முகவரியின் பாதி மை பிளாஸ்டிக்கோடு வந்துவிட்டது. இது புதுப்பித்தல் இல்லை, சேதமடைந்த பாஸ்போர்ட் என்ற வகை என்றார். அதற்குக் கட்டணம் மூவாயிரம். கட்டியது போக மீதி ஆயிரத்து ஐந்நூறு இப்போதே கட்ட வேண்டும். சேதம் எப்படி நடந்தது என்று எழுதித் தர வேண்டும். போலீஸ் விசாரணை முடிந்த பிறகுதான் அச்சாகும். இது அரசின் சொத்து, இதில் எதையும் ஒட்டவோ மாற்றவோ கூடாது என்றார்.

ராணியக்கா தண்ணீர் வந்த கதையைச் சொன்னார். பிறகு கேட்டார்: "ஒட்டாம விட்டு, தண்ணியில கரைஞ்சு போயிருந்தா எவ்ளோ சார்?"

"அதுக்கும் மூவாயிரம்தாம்மா. டேமேஜ்னா டேமேஜ்தான்."

ராணியக்கா என் பக்கம் திரும்பித் தமிழில், "காப்பாத்தினாலும் அதே காசு, தொலைச்சாலும் அதே காசு. நல்ல கணக்கு" என்றார்.

எனக்கு ஆத்திரம் பொங்கியது. அரசின் சொத்து என்றால், அது நனையாமல் இருக்க வேண்டும் என்ற கவலையும் அரசுக்குத்தானே இருக்க வேண்டும்? என் பாஸ்போர்ட் பத்து வருடமாக மூன்றாவது மாடியில், இரும்பு பீரோவில், துணிகளுக்கு அடியில் கிடந்தது. அதைப் பாதுகாக்க நான் ஒரு விரலைக்கூட அசைக்கவில்லை. சொத்தைப் பாதுகாக்கப் பாடுபட்டவருக்கு அபராதம், சும்மா இருந்த எனக்குச் சலுகை. இந்தப் பேச்சையெல்லாம் மனதுக்குள் கச்சிதமாகக் கோத்து வைத்தேன். சொல்ல வேண்டிய மூன்று சொல்லைச் சொல்லவில்லை. என் கோப்பில் ஏதாவது குறிப்பு எழுதிவிடுவார்களோ என்ற பயம்தான், வேறொன்றும் இல்லை. ஆயிரத்து ஐந்நூறை என் கார்டில் கட்டினேன். அதை இங்கே எழுதக் காரணம், செலவில் அது விட்டுப்போகக் கூடாது என்பதுதான்.

எழுதித் தர வேண்டிய தாளுக்காக வெளியே ஓடினோம். முத்திரைத்தாள், டைப்பிங், நோட்டரி கையெழுத்து எல்லாம் சேர்த்து ஐந்நூறு என்றார் மரத்தடியில் உட்கார்ந்திருந்தவர். இது இல்லாமல் உள்ளே தொடவே மாட்டார்கள் என்று சத்தியம் செய்தார். காவலாளியிடம் கெஞ்சி மறுபடி உள்ளே போய்க் கொடுத்தபோது அதிகாரி படித்துப் பார்த்து, வெள்ளைத்தாளில் எழுதிக் கையெழுத்துப் போட்டிருந்தாலே போதுமே என்றார். அதை முதலிலேயே சொல்ல வேண்டும் என்று அவருக்குத் தோன்றவில்லை. கேட்க வேண்டும் என்று எனக்கும் தோன்றவில்லை.

ஒன்றரை மணிக்கு வெளியே வந்தோம். திரும்பும்போது பேருந்து, இரண்டு பிங்க் டிக்கெட். ஜன்னலோரம் உட்கார்ந்ததும் நான் மன்னிப்புக் கேட்க வாயெடுத்தேன். ராணியக்கா முந்திக்கொண்டார். "நீ வாயத் தொறந்திருந்தா ரெண்டு ஃபைலும் மாட்டியிருக்கும். ஒண்ணாவது ஜல்தி போகட்டும்னுதான் உன்ன பாக்கவே இல்ல." பிறகு, வெயிலுக்கு முந்தானையைத் தலைக்குப் போட்டுக்கொண்டு, "ஆனா அந்த லேமினேஷன் கடைக்காரன் கேட்டான் பாத்தியா, இதுக்குமான்னு. அவன் படிக்காதவன்" என்றார்.

என்னுடையது ஒன்பதாம் நாள் தபாலில் வந்துவிட்டது. ராணியக்காவுக்குப் பன்னிரண்டாம் நாள் காவல் நிலையத்திலிருந்து போன் வந்தது. போனார், வரச்சொன்னவர் இல்லை. மறுபடி போனார். ஆதாரில் இருக்கும் வீட்டு எண்ணும், கணக்கெடுக்க வந்தவர்கள் கதவில் பெயின்டால் எழுதிவிட்டுப் போன எண்ணும் வேறு வேறு. முகவரியில் ஆள் இல்லை என்று அறிக்கை போய்விட்டது. எதிரே நின்றுகொண்டிருந்தவரைப் பற்றித்தான் அந்த அறிக்கை. அதைத் திருத்த மூன்றாவது தடவை போனார். போலீஸ் விசாரணைக்குக் கட்டணம் எதுவும் கிடையாது. ஆனால் ஐந்நூறு கொடுத்திருக்கிறார் என்பது எனக்குப் பிறகுதான் தெரிந்தது. கேட்டார்களா என்றேன். "கேக்கல பாப்பா. டேபிளையே பாத்துக்கிட்டு இருந்தாரு" என்றார். இத்தனை அலைச்சலுக்கு இரண்டு வீடுகளில் சம்பளம் பிடித்தார்கள், தொள்ளாயிரம் ரூபாய்.

கூட்டிப் பார்த்தேன். பிங்க் டிக்கெட்டில் திரும்பியதால் எனக்கு மொத்தம் ஆயிரத்து ஐந்நூற்று முப்பத்திரண்டு ரூபாய். ராணியக்காவின் புத்தகத்துக்கு எட்டாயிரத்து நூற்றுத் தொண்ணூற்றிரண்டு. அதே நீல அட்டை, அதே முப்பத்தாறு பக்கம். இதை வைத்திருப்பவரைத் தடையின்றிப் போகவிடுங்கள் என்று உலக நாடுகளை எல்லாம் குடியரசுத் தலைவரின் பெயரால் கேட்டுக்கொள்ளும் ஒரு வாசகம் உள்ளே அச்சிடப்பட்டிருக்கிறது. அதை முதன்முறையாக முழுசாகப் படித்தேன். வெளிநாடுகளிடம் கேட்டுக்கொள்வதற்கு முன் ரயில் பாதை ஓரத்திலிருந்து இந்தக் கவுன்டர் வரைக்கும் யாரிடமாவது கேட்டுக்கொண்டிருக்கலாம்.

போகப் போகிறவர்களுக்கு. தளத்தின் முகவரி gov.in என்று முடிகிறதா என்று பார்த்துவிட்டுப் பணம் கட்டுங்கள். வேறு எதில் கட்டினாலும் அது போனதுதான். நகல்களை வீட்டுப் பக்கத்திலேயே எடுத்து, மறக்காமல் பையில் வையுங்கள். போட்டோ தேவையில்லை. உறுதிமொழி எழுதச் சொன்னால் வெள்ளைத்தாள் போதுமா என்று கேட்டுவிட்டு வெளியே வாருங்கள். ஆதாரில் இருக்கும் வீட்டு எண்ணையே கதவிலும் எழுதி வையுங்கள். பாஸ்போர்ட்டில் எதையும் ஒட்டாதீர்கள். ஸ்டேஷனரி கடையில் ஜிப் வைத்த பிளாஸ்டிக் உறை பத்து ரூபாய்க்குக் கிடைக்கிறது, தண்ணீருக்கு அது போதும். கட்டணங்கள் மாறக்கூடியவை, போவதற்கு முன் ஒருமுறை சரிபாருங்கள். உங்களோடு வருபவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது என்றால், அவருடைய தாள்களை உங்களுடையதற்கு முன்னால் பாருங்கள்.

விண்ணப்பித்த நாற்பத்தாறாம் நாள் கவிதாவுக்குப் பெண் குழந்தை பிறந்தது, குறித்த நாளுக்கு முன்னதாகவே. ஐம்பத்து நாலாம் நாள் பாஸ்போர்ட் வந்தது. ராணியக்கா கிள்ளான் போய்ச் சேர்ந்தபோது குழந்தைக்குப் பத்தொன்பது நாள். முப்பது நாள் இருந்துவிட்டுத் திரும்பினார்.