ஈரச் சாம்பலின் டிரம்ஸ்காரி

மெரன் டக்வெல்லின் வலது மணிக்கட்டு மட்டும் உடையாமல் இருந்திருந்தால், ஈரச் சாம்பல் என்ற அந்த இசைக்குழு இரண்டு வருடம் கத்திக் கூப்பாடு போட்டுவிட்டுக் கலைந்து போயிருக்கும். டாஸ்மேனியாவின் வடகரையில், பர்னி ஊரில், அப்படி முளைத்துக் கருகிய பங்க் ராக் குழுக்களுக்குக் கணக்கே இல்லை. மூன்று பேர், மூன்று சுருதி, ஒன்றரை நிமிடப் பாட்டு. ஈரச் சாம்பலும் அந்த வகைதான்.

மெரன் உறைபதனக் காய்கறி ஆலையில் வேலை பார்த்தாள். பட்டாணிப் பருவத்தில் அங்கே இரவு பகல் கிடையாது. அப்படி ஒரு பருவத்தில் ஓடும் பட்டைக்கும் உருளைக்கும் நடுவில் கை சிக்கிக்கொண்டது. மாவுக்கட்டோடு வந்து, அவர்கள் பயிற்சி செய்யும் கால்பந்து கிளப்பின் பின்கொட்டகையில் உட்கார்ந்தவளைப் பார்த்து, கிட்டார் வாசித்துப் பாடும் லயல் டிரான்ஸ்ஃபீல்ட், "ஒத்தக் கையால அடி, என்னதான் ஆகுதுன்னு பாப்போம்," என்றான். அவன் கூரை வேலை செய்பவன். எதையும் பாதியில் விடத் தெரியாதவன்.

ஒற்றைக் கையால் அந்த வேகத்துக்கு அடிக்க முடியவில்லை. பாட்டு தானாகவே மெதுவானது. ஒரு அடிக்கும் அடுத்த அடிக்கும் நடுவில் லயலின் கிட்டார் இரைந்துகொண்டு கிடந்தது. பேஸ் கிட்டார் வாசித்த டார்சி ஹிங்ஸ்டன் விழுந்து விழுந்து சிரித்தான்.

"என்னடி இது, சவ ஊர்வலமே நம்மள ஓவர்டேக் பண்ணிட்டுப் போயிரும் போல இருக்கே!"

"வாய மூடிட்டு வாசிடா," என்றாள் மெரன்.

வாசித்தார்கள். ஒன்றரை நிமிடப் பாட்டு ஒன்பது நிமிடத்துக்கு நீண்டது. முடிந்ததும் அதையே மறுபடி முதலிலிருந்து வாசித்தார்கள். கை குணமான பிறகும் அவர்கள் பழைய வேகத்துக்குத் திரும்பவில்லை. டூம் மெட்டல் என்று அதற்குப் பெயர் இருப்பதே பிறகு யாரோ சொல்லித்தான் அவர்களுக்குத் தெரிந்தது. லயலின் கத்தல் மட்டும் பங்க்காகவே நின்றுவிட்டது.

அதற்குப் பிறகு பதினைந்து பதினாறு வருடம். சொந்த ஊரில் அவர்களைச் சீந்துவார் கிடையாது. கேசட் போட்டார்கள், பின்லாந்தில் ஒருவர் கேட்டு எழுதி, சில நூறு இசைத்தட்டுகள் அச்சடித்துக் கொடுத்தார். வருடத்துக்கு மூன்று நான்கு முறை வேனைக் கப்பலில் ஏற்றி ஜலசந்தியைக் கடந்து மெல்போர்னுக்குப் போய், முப்பது நாற்பது பேருக்கு முன்னால் வாசித்துவிட்டு, திங்கட்கிழமை வேலைக்கு ஓடி வந்தார்கள். இடையில் மெரன் ஒரு லாரி டிரைவரைக் கட்டிக்கொண்டாள், அது நிலைக்கவில்லை. லயலுக்கு இரண்டு பெண்கள் பிறந்தார்கள். டார்சி கல்யாணம் பண்ணிக்கொள்ளவில்லை. பனிக்கிடங்கில் வேலை, அம்மா யூனாவோடு வீடு. பயணம் போகும்போது மூவருக்கும் ரொட்டி கட்டி எடுத்து வருவது அவன்தான்.

ஒரு தடவை மெல்போர்னுக்குப் போகும் கப்பலில் லயலுக்கும் டார்சிக்கும் ஒரே அறை. டார்சியின் குறட்டை தாங்காமல் லயல் வெளியே சாய்வு நாற்காலியில் போய்ப் படுத்துக்கொண்டான். விடிந்து, கப்பல் துறைமுகத்தில் கட்டி, வண்டிக்காரர்களெல்லாம் கீழே வரலாம் என்று அறிவித்தார்கள். மெரன் வேனில் உட்கார்ந்திருந்தாள். லயல் வந்தான். டார்சி வரவில்லை.

"தூங்குமூஞ்சிப் பய. போய் எழுப்பிட்டு வரேன்," என்று லயல் மேலே போனான்.

முன்னால் இருந்த வண்டிகள் நகர்ந்தன. பின்னால் இருந்தவன் ஒலிப்பானை அடித்தான். கப்பல் ஊழியர் ஒருவர் வந்து, வேனைச் சுற்றிக்கொண்டு போகும்படி மற்றவர்களுக்குக் கை காட்டினார். அவர் தன் முகத்தைப் பார்க்காமல் தவிர்ப்பதை மெரன் கவனித்தாள். மேலே போனாள். அறைக் கதவு திறந்திருந்தது. போர்வைக்கு வெளியே டார்சியின் பாதங்கள். காலுறையில் கட்டைவிரல் பக்கம் ஓட்டை. அதைத் தாண்டி அவள் பார்க்கவில்லை.

இதயம் நின்றுவிட்டதாகச் சொன்னார்கள். தூக்கத்திலேயே போயிருக்கும், தெரிந்திருக்காது என்றார்கள். ஒரு பெண் போலீஸ் அவர்கள் இருவரிடமும் பெயர், முகவரி எல்லாம் கேட்டுக்கொண்டு, இன்றைக்கு இதற்குமேல் அவர்கள் செய்ய எதுவும் இல்லை, நாளை வந்தால் போதும் என்றாள்.

யூனாவுக்கு மெரன்தான் போன் செய்தாள். சொன்னாள். அந்தப் பக்கம் குழாயில் தண்ணீர் ஓடும் சத்தம் கேட்டது. பிறகு அது நின்றது.

"சரிம்மா," என்றாள் யூனா. "நீயே சொன்னியே, அதுக்கு நன்றி."

கடற்கரை ஓரமாக வேனை நிறுத்தினார்கள். லயல் இறைச்சி அடைத்த பேஸ்ட்ரி ஒன்றை வாங்கிவந்து முழுதாகத் தின்றான். மெரனுக்குப் பசியும் இல்லை, பசி இல்லை என்பதும் இல்லை. டார்சி கட்டிய ரொட்டிப் பொட்டலம் அவள் காலடியில் கிடந்தது.

"நாலு மணிக்கு நிகழ்ச்சி இருக்கு," என்றான் லயல்.

"தெரியும்."

"போவமா?"

"வேற எங்க போறது?"

மெல்போர்னின் காலிங்வுட் பகுதியில் ஒரு பப். ஞாயிற்றுக்கிழமை பிற்பகல். பேஸ்காரன் வரவில்லை, இரண்டே பேர்தான் என்று மட்டும் ஒலி பார்ப்பவனிடம் சொன்னார்கள். அவன் தோளைக் குலுக்கிவிட்டு ஒலிவாங்கிகளை நட்டான். தன் வழக்கப்படி எல்லாவற்றையும் பதிவும் செய்துகொண்டான்.

அன்று வாசித்ததில் மெரனுக்கு எதுவும் நினைவில்லை. கைகள் போய் வந்தன. ஒரு குச்சி உடைந்ததும் இன்னொன்றை எடுத்ததும் மட்டும் ஞாபகம் இருக்கிறது. முடிந்ததும் தாடிக்காரன் ஒருவன் கண் கலங்க வந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டான்.

"நான் உங்கள எத்தன தடவ பாத்திருக்கேன். இன்னைக்கு மாதிரி கேட்டதே இல்ல."

"தேங்க்ஸ்," என்றாள்.

"ஆமா, டார்சி எங்க?"

லயல் சொன்னான். அவனைச் சுற்றி நின்றவர்கள் பேச்சு நின்றது. அப்புறம் பின்னால் நின்றவர்கள். அப்புறம் பப் முழுக்க. மெரன் சிம்பல்களைத் திருகிக் கழற்றிப் பையில் போட்டுக்கொண்டிருந்தாள்.

சவ அடக்கம் முடிந்து சில மாதம் கழித்து அந்தப் பதிவு வந்து சேர்ந்தது. வெளியிடலாமா என்று லயல் கேட்டான். "உன் இஷ்டம்," என்றாள். வெளியிட்டார்கள். அதுவரை அவர்களைக் கேட்டிராதவர்களெல்லாம் கேட்டார்கள். நண்பன் செத்த அன்றே வாசித்த இசை என்று கதையும் கூடவே போயிற்று. ஐரோப்பாவிலிருந்து அழைப்பு வந்தது.

கதை யூனாவின் காதுக்கும் எட்டியது. ஒருநாள் மெரனை வீட்டுக்குக் கூப்பிட்டாள். தேநீர் வைத்தாள்.

"அன்னைக்கே வாசிச்சீங்களாமே?"

"ஆமா, யூனா."

"போடு. நானும் கேக்குறேன்."

சமையலறை மேசையில் வைத்துப் போட்டாள். யூனா கைகளை மடியில் வைத்துக்கொண்டு கேட்டாள். நடுவில், "லாரி ரிவர்ஸ் எடுக்குற மாதிரியில்ல இருக்கு," என்றாள். ஆனால் நிறுத்தச் சொல்லவில்லை. கடைசிவரை கேட்டுவிட்டு, "இதுல அவன் வாசிக்கிறது எது?" என்றாள்.

"இதுல அவன் இல்ல, யூனா."

"அப்ப எனக்கு எதுக்குப் போட்டுக் காட்டுற?"

"நீங்கதான கேட்டீங்க."

"ஆமா," என்றாள் யூனா. "நான்தான் கேட்டேன்." எழுந்து கோப்பைகளைக் கழுவப் போனாள்.

ஐரோப்பாவுக்குப் போனார்கள். இரண்டு பேராகவே வாருங்கள், பேஸ் வேண்டாம் என்று அழைத்தவர்கள் சொல்லியிருந்தார்கள். போன இடமெல்லாம் கூட்டம். அவர்கள் வாழ்நாளில் பார்த்திராத கூட்டம். லைப்ஸிக் நகரில் ஓர் இளைஞன் சட்டைக் கையைச் சுருட்டி, டார்சியின் பெயரைப் பச்சை குத்தியிருந்ததைக் காட்டினான். அவன் டார்சியைப் பார்த்ததே கிடையாது. மெரன் வெகுநேரம் அந்தக் கையைப் பார்த்தாள்.

"எழுத்துப் பிழை இல்ல," என்றாள்.

லயல் ஒவ்வொரு மேடையிலும் கடைசிப் பாட்டுக்கு முன்னால் அந்தக் காலையைப் பற்றிச் சொன்னான். சொல்லும்போது குரல் உடையும். ஒருநாள் வேனில் மெரன் சொன்னாள்:

"நேத்தும் அதே வார்த்தையிலதான் அழுத."

"என்ன சொல்ற நீ?"

"அதுக்கு முந்தின நாளும் அதே எடம். 'கதவத் தட்டினேன்'னு சொல்லிட்டு மூச்ச இழுப்ப. நானும் குச்சியக் கையில எடுத்து வச்சுக்குவேன், அடுத்தது பாட்டுதானேன்னு."

"நான் நடிக்கிறேன்னு சொல்றியா?"

"எனக்குத் தெரியல, லயல். நீயாவது அழுற. எனக்கு அதுவும் வரல."

மறுநாள் அவள் ஊர் திரும்பினாள். மீதி நிகழ்ச்சிகளை ரத்து செய்தார்கள். லயல் வழியனுப்ப வரவில்லை.

ஆலையில் பழைய இடத்திலேயே நின்றாள். பட்டாணி வந்தது, போனது, உருளைக்கிழங்கு வந்தது. டிரம்ஸ் கொட்டகையிலேயே போர்த்திக் கிடந்தது. யூனாவைச் சனிக்கிழமைகளில் கடைக்கு அழைத்துப் போனாள். டார்சியைப் பற்றி இருவரும் பேசிக்கொண்டதில்லை. பாலின் காலாவதித் தேதி, கால் வலி, பக்கத்து வீட்டு நாய், இவற்றைப் பற்றிப் பேசினார்கள். மனசு கனக்கிறதா என்று ஆலையில் ஒருத்தி கேட்டபோது, கனமும் இல்லை, லேசும் இல்லை என்று உள்ளதைச் சொன்னாள்.

ஒரு குளிர்காலத்தில் லயல் அவள் வீட்டு வாசலில் வந்து நின்றான். தலை நரைத்திருந்தது. "லான்செஸ்டன்ல ஒரு பொண்ணு இருக்கா. பேரு ப்ரைடி. பேஸ் வாசிக்கிறா. மேடைக்குன்னு இல்ல. சும்மா வாசிச்சுப் பாப்போம், வா," என்றான். மறுப்பதற்கும் ஒரு முனைப்பு வேண்டுமே, மெரன் போனாள்.

ப்ரைடி நன்றாகவே வாசித்தாள். பழைய பதிவுகளைக் கேட்டு எல்லாவற்றையும் படித்துக்கொண்டு வந்திருந்தாள். முதல் பாட்டில் பாதி தாண்டியதும் மெரன் சட்டென்று நிறுத்தினாள்.

"அங்க இல்ல."

"எங்க?" என்றாள் ப்ரைடி.

"நான் அடிக்கிறப்ப நீயும் கூடவே வர. அவன் அப்படி வரமாட்டான். நான் அடிச்சு முடிச்சு, நீ என்னடா பண்ணிட்டிருக்கன்னு நெனைக்கிறப்பதான் வருவான். சோம்பேறி. என்னைக்காவது ஒருநாள் சரியான நேரத்துக்கு..."

அவள் குரல் கொட்டகையில் எகிறிக் கேட்டது. ப்ரைடி மிரண்டுபோய் லயலைப் பார்த்தாள். மெரன் வாசித்துக் காட்டினாள், வாயால். டார்சியின் பகுதியை ஆரம்பத்திலிருந்து, அவனுடைய எல்லாத் தாமதங்களோடும். பாட்டின் நடுவில் வந்தபோது நிறுத்தினாள். குச்சிகளைப் போட்டுவிட்டு வெளியே போய்த் தன் வண்டியில் ஏறிக் கதவைச் சாத்திக்கொண்டாள். அவளுக்கு டார்சிமேல் கோபம் கோபமாக வந்தது.

வெகுநேரம் கழித்து லயல் வந்து ஜன்னலருகே நின்றான். அவன் அழவில்லை என்பதைக் கவனித்தாள்.

"வீட்டுக்குப் போறியா?" என்று கேட்டான்.

"இல்ல. அந்தப் பொண்ணு அழுறாளா?"

"ஸ்ட்ரிங் மாத்திக்கிட்டிருக்கா. நல்ல அழுத்தக்காரி."

"அவ அவன மாதிரி வாசிக்க வேணாம்னு சொல்லு. அவளுக்கு வர்றபடியே வாசிக்கட்டும். நான் பழகிக்கிறேன்."

"நீயே சொல்லேன்."

மெரன் இறங்கிப் போய்ச் சொன்னாள். ப்ரைடி தலையாட்டினாள். அன்று இன்னும் இரண்டு பாட்டு வாசித்தார்கள். மூன்று பேரும் ஒத்து வரவில்லை. வருவதற்கு நாளாகும் என்று தெரிந்தது. வியாழக்கிழமைதோறும் மாலையில் கூடுவது என்று பேசிக்கொண்டார்கள்.

அடுத்த வாரம் ஆலையில் மேற்பார்வையாளரிடம் போய், வியாழக்கிழமை மாலை வேலையைக் காலைக்கு மாற்றித் தர முடியுமா என்று கேட்டாள்.

"பட்டாணி வந்துட்டா முடியாதும்மா," என்றார் அவர்.

"வர்ற வரைக்கும் போதும்," என்றாள்.